தகடூர்த் தடங்கள் – 17: வேண்டாத நேரத்தின் தெய்வம்

தகடூர் முற்றுகையோடு போன வாரம் நிறுத்தினோம். பெருஞ்சேரல் இரும்பொறையின் படை கோட்டையைச் சூழ்ந்தது, அதியமான் நெடுமான் அஞ்சி மார்பில் வேல் தாங்கி விழுந்தான். அவனோடு தகடூரின் கதை முடிந்துவிட்டது என்றுதான் பள்ளிப் பாடப்புத்தகம் படித்தவர்கள் நினைத்துக்கொண்டிருக்கிறோம். ஆனால் தருமபுரியிலிருந்து சேலம் போகும் சாலையில் ஏழெட்டுக் கிலோமீட்டர் வந்தால் அவன் பெயரிலேயே ஓர் ஊர் நிற்கிறது, அதியமான்கோட்டை. இன்றைக்கு அந்த ஊரின் பெயரைத் தமிழ்நாடு முழுக்கக் கொண்டுபோய்ச் சேர்த்திருப்பது அஞ்சியோ ஔவையோ அல்ல. அங்கே கோயில் கொண்டிருக்கும் கால பைரவர்.

மாதத்தின் மற்ற நாட்களில் அமைதியான கோயில். தேய்பிறை அட்டமி வந்தால் நிலைமையே வேறு. சாலை ஓரமெங்கும் சாம்பல் பூசணி குவிந்திருக்கும். பெங்களூரு, ஓசூர், சேலம், ஈரோடு என்று பல திசைகளிலிருந்தும் வண்டிகள் வந்து நிற்கும். பூசணியை இரண்டாகப் பிளந்து, உள்ளே இருப்பதைச் சுரண்டி எடுத்துவிட்டு, எண்ணெய் ஊற்றித் திரி போட்டு விளக்கேற்றுகிறார்கள். நள்ளிரவு யாகத்தில் மூட்டை மூட்டையாக மிளகாய் வத்தல் விழுகிறது. பகை தொலைய வேண்டும், கடன் தீர வேண்டும், வழக்கு முடிய வேண்டும், கெட்ட நேரம் போக வேண்டும் என்பவைதாம் வேண்டுதல்கள். பெரும்பாலான சிவன் கோயில்களில் பைரவர் வடகிழக்கு மூலையில் காவலராக நிற்பார். இங்கே அவரே மூலவர். ‘தட்சிண காசி’ என்று ஊர்க்காரர்கள் பெருமையோடு சொல்வதற்கு அதுதான் காரணம். காசியில் பைரவர்தான் நகரத்தின் கொத்தவால், அதாவது காவல் அதிகாரி.

காலத்தையே தெய்வமாக்கி வணங்கும் ஒரு சமயம் நம் மாவட்டத்தில் எப்படி வேர்விட்டது? இந்த வாரம் அதைத்தான் பார்க்கப் போகிறோம்.

முதலில் கோயில் சொல்லும் கதை. போருக்குப் புறப்படும் முன் அதியமான் தன் வாளைப் பைரவர் திருவடியில் வைத்து எடுத்துக்கொண்டு போவான், அதனால்தான் அவன் வென்றான் என்கிறார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் எந்த அதியமான்?

அதியமான் என்பது ஓர் ஆளின் பெயரல்ல, ஒரு குலத்தின் பெயர். ஆயிரத்து நானூறு ஆண்டுகளுக்கும் மேல் அந்தப் பெயர் புழங்கியிருக்கிறது. கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் அசோகன் தன் பாறைக் கட்டளையில் சோழர், பாண்டியர், கேரளபுத்திரரோடு சேர்த்துச் சொல்லும் சத்தியபுத்திரர் யார் என்று அறிஞர்கள் நெடுங்காலம் மண்டையை உடைத்துக்கொண்டார்கள். 1981-இல் திருக்கோவிலூர்ப் பக்கம் ஜம்பையில் கிடைத்த தமிழிக் கல்வெட்டு ஒரே வரியில் அதற்கு விடை சொன்னது. சதியபுதோ அதியன் நெடுமான் அஞ்சி அங்கே துறவிகளுக்குக் குகை கொடுத்திருக்கிறான். எட்டாம் நூற்றாண்டில் வேறோர் அதியன் நாமக்கல் மலையைக் குடைந்து திருமாலுக்குக் குடைவரை எடுத்தான். அதே நூற்றாண்டின் பிற்பகுதியில் பாண்டியன் நெடுஞ்சடையனிடம் தோற்றவனும் ஓர் அதியமானே. பன்னிரண்டாம் நூற்றாண்டு முடியும் தறுவாயில், மூன்றாம் குலோத்துங்க சோழன் காலத்தில், விடுகாதழகிய பெருமாள் என்ற தகடூர் அதியமான் போளூருக்கு அருகிலுள்ள திருமலைக்குப் போய், தன் முன்னோன் எழினி நிறுவிய இயக்கன், இயக்கி சிலைகளைப் பழுது பார்த்தான். ஆக, குகை கொடுத்தவன் ஒருவன், குடைவரை எடுத்தவன் ஒருவன், சமணத் திருவுருவங்களைப் புதுக்கியவன் ஒருவன்.

ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்த அஞ்சி பைரவருக்குக் கோயில் எடுத்திருக்க முடியாது. அவன் காலத்துத் தமிழகத்தில் கருங்கல் கோயிலும் இல்லை, கபாலமும் சூலமும் ஏந்திய பைரவ வடிவமும் இல்லை. கோயிலை ஒன்பதாம் நூற்றாண்டோடு சேர்த்துச் சொல்லும் வழக்கும் இருக்கிறது. அதை ஏற்றால், கதையில் வரும் வாள் சங்ககால அஞ்சியின் கையில் இருந்ததல்ல, அவன் பெயரைச் சுமந்த பின்னாள் குறுநில மன்னன் ஒருவனுடையது. ஊர் நினைவு ஆயிரம் ஆண்டு அதியமான்களையும் ஒரே ஆளாக உருட்டித் திரட்டி வைத்திருக்கிறது. அதில் எனக்கு வருத்தமில்லை. வரலாறு எழுதுகிறவன் பிரித்துக் காட்டிவிட்டு நகர வேண்டியதுதான்.

அப்படியானால் அஞ்சியின் காலத்தில் காலத்துக்குத் தெய்வமே இல்லையா? இருந்தது. கோயில்தான் இல்லை. புறநானூற்றுப் புலவர்கள் அதைக் கூற்றுவன் என்றும் காலன் என்றும் அழைக்கிறார்கள். கூற்றுவனை யாரும் கும்பிடவில்லை, ஏசுகிறார்கள். கிள்ளிவளவன் செத்தபோது ஒரு புலவர், விதைநெல்லையே குத்தித் தின்றுவிட்ட மடையன் நீ என்று கூற்றுவனைத் திட்டுகிறார். போர்க்களத்தில் அவனுக்கு நாள்தோறும் உயிர்களைத் தந்துகொண்டிருந்தவனையே கொண்டுபோய்விட்டால், இனி உனக்குச் சோறு போடுவது யார் என்பது கேள்வி. தெய்வத்திடம் இப்படிப் பேச ஒரு துணிச்சல் வேண்டும்.

நெல்லிக்கனிக் கதையையும் இந்த இடத்தில் வைத்துப் பாருங்கள். ஏறுவதற்கரிய மலைப்பிளவில் விளைந்த கனி அது, உண்டவர்க்கு நீண்ட ஆயுள். அதன் பயனை வாய்விட்டுச் சொல்லாமல் ஔவையிடம் நீட்டிவிட்டான் அஞ்சி. வள்ளல்தன்மைக்கு எடுத்துக்காட்டாக நாம் மேடைதோறும் இதைச் சொல்கிறோம். காலனிடமிருந்து தப்பிக்கக் கிடைத்த ஒரே வாய்ப்பை ஓர் அரசன் வேண்டாம் என்று தள்ளியதும் இதே கதைதான். அடுத்து நடந்ததை மேடையில் சொல்வதில்லை. அவன் இறந்தான். கல் நட்டார்கள். அந்தக் கல்லுக்கு மயிற்பீலி சூட்டி, வடித்த கள்ளைச் சிறிய கலத்தில் படைக்கிறார்கள். இதையெல்லாம் அவன் ஏற்றுக்கொள்வானா என்று ஔவை நெஞ்சு உடைகிறார். அந்தக் கையறுநிலைப் பாட்டின்படி, தகடூர் மண்ணில் அஞ்சியே ஒரு நடுகல்.

காலத்தோடு இந்த மண் கொண்ட முதல் சமயம் நடுகல்தான் என்பேன்.

தருமபுரி, கிருஷ்ணகிரி, திருவண்ணாமலை மாவட்டங்கள் சேரும் இந்த மேட்டுநிலம் தமிழகத்தின் நடுகல் களஞ்சியம். தமிழ்நாடு தொல்லியல் துறை 1972-இல் செங்கம் நடுகற்களையும், 1975-இல் தருமபுரிக் கல்வெட்டுகளையும் நூலாக்கிய பிறகுதான் இதன் அளவு வெளியுலகத்துக்குத் தெரிந்தது. கல்லைக் கண்டெடுப்பதில் தொடங்கி வாழ்த்துவது வரை ஆறு படிகளைத் தொல்காப்பியம் வரிசையாகச் சொல்கிறது. பிற்காலக் கற்களில் ஓர் ஒழுங்கைப் பார்க்கலாம். முதலில் அரசன் பெயர், அவன் ஆட்சியில் எத்தனையாவது யாண்டு, பிறகு இன்னார் சேவகன் இன்னார், எந்தத் தொறு கவர்ந்தபோது அல்லது மீட்டபோது பட்டான் என்று. ‘தொறு’ என்றால் மாட்டு மந்தை. மாட்டைக் காக்கப் போய்ச் செத்த எளிய வீரனுக்கு ஆண்டுக் கணக்கோடு ஒரு கல். சிம்மவிஷ்ணு, மகேந்திரவர்மன் காலப் பல்லவ ஆண்டுகளை வரிசைப்படுத்த இந்த மாட்டுக்காரக் கற்கள் பெரிதும் உதவியிருக்கின்றன. காஞ்சிபுரத்துப் பெரிய கோயில்கள் சொல்லாத சேதியைச் செங்கம் காட்டுக் கல் சொல்லியிருக்கிறது.

இவற்றில் எனக்கு நெருக்கமானது செங்கம் வட்டாரத்து எடுத்தனூர்க் கல். மகேந்திரவர்மனின் முப்பத்து நான்காம் ஆட்சியாண்டு, ஏழாம் நூற்றாண்டின் தொடக்கம். கருந்தேவகத்தி என்பவன் எருமைத் தொறுவுக்காகப் பட்டான். அவனுடைய நாய் கோவிவன் கள்வர் இருவரைக் கடித்துவிட்டு எசமானின் உடலுக்குக் காவலிருந்தது. கல்லில் நாயின் உருவம் இருக்கிறது, பெயரும் இருக்கிறது. பைரவருக்கு நாய் வாகனமானது வடக்கிலிருந்து வந்த புராணத்தால் என்று எளிதாகச் சொல்லிவிடலாம். பைரவர் இங்கே வந்து சேர்ந்தபோது, செத்தவனுக்குக் காவல் நிற்கும் நாய்க்கு ஏற்கெனவே இந்த மண்ணில் கல் நட்டிருந்தார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இந்தக் கற்களை ஊரார் இன்றும் விட்டுவிடவில்லை. பெயர் மட்டும் மாறிவிட்டது. வேடியப்பன் என்ற பெயரில் பொங்கல் வைக்கிறார்கள், கிடா வெட்டுகிறார்கள். செத்தவன் யாரென்று கேட்டால் தெரியாது. காலம் தின்றது பெயரைத்தான், ஆளையல்ல.

ஒன்பதாம் நூற்றாண்டில் காட்சி மாறுகிறது. இன்றைய ஆந்திரத்து ஹேமாவதியைத் தலைநகராகக் கொண்ட நுளம்பர்கள் தகடூருக்கு வருகிறார்கள். தருமபுரிக் கோட்டையிலுள்ள மல்லிகார்ச்சுனர் கோயிலும் காமாட்சியம்மன் கோயிலும் அவர்கள் கலைக்குச் சாட்சி. மகேந்திர நுளம்பன் காலத்துத் தருமபுரிக் கல்வெட்டுகள் 878, 893 ஆகிய ஆண்டுகளுக்குரியவை. அவை சக ஆண்டில் எழுதப்பட்டவை என்பதுதான் நமக்கு முக்கியம். நடுகல்லில் காலம் அரசனின் ஆயுளோடு ஓடியது, அவன் செத்தால் கணக்கு மறுபடியும் ஒன்றிலிருந்து தொடங்கும். சக ஆண்டு யார் செத்தாலும் நிற்பதில்லை. யாருக்கும் சொந்தமில்லாத காலம் தகடூருக்குள் நுழைந்தது இப்போதுதான்.

893-ஆம் ஆண்டுக் கல்வெட்டு தகடூரில் எடுக்கப்பட்ட ஒரு சமணப் பள்ளியைப் பற்றியது. சமணர்களின் காலக் கொள்கையில் தெய்வத்துக்கு இடமே இல்லை. காலம் என்பது பொருள்களில் ஒன்று. ஏறுமுகம், இறங்குமுகம் என்று ஒரு சக்கரம், ஒவ்வொன்றிலும் ஆறு ஆரங்கள். இப்போது நடப்பது இறங்குமுகத்தின் ஐந்தாம் ஆரம், மொத்தம் 21,000 ஆண்டு. பூசணி விளக்கு ஏற்றினாலும் ஏற்றாவிட்டாலும் அது அதன் போக்கில் சுழலும். கறாரான கொள்கைதான். ஆனால் பிள்ளைக்குக் காய்ச்சல் என்று வந்து நிற்கிறவளிடம் இதைச் சொல்லி அனுப்ப முடியாது. அவளுக்கு முறையிட ஒருவர் வேண்டும்.

அந்த இடத்துக்குத்தான் பைரவர் வருகிறார். கபாலமேந்திய சைவத் துறவிகள் அதற்குள் தென்னாடெங்கும் பரவியிருந்தார்கள். ஏழாம் நூற்றாண்டிலேயே காஞ்சியில் ஒரு காபாலிகனைக் கேலி செய்து மகேந்திரவர்மன் மத்தவிலாசம் என்ற நாடகமே எழுதினான். பத்தாம் நூற்றாண்டில் கொடும்பாளூர் வேளிர் பூதி விக்கிரமகேசரி காளாமுகத் துறவிக்கு மடம் கொடுத்தான். கன்னட நாட்டில் காளாமுகர்களின் செல்வாக்கு இன்னும் பெரிது. கன்னட நாட்டுக்கும் தமிழ்நாட்டுக்கும் இடையிலான கணவாயில் உட்கார்ந்திருக்கும் தகடூரைத் தொடாமல் அந்தக் காற்று வீசியிருக்க வழியில்லை. பைரவ வடிவத்தில் வந்த சிவனுக்குப் பிள்ளைக்கறி சமைத்த சிறுத்தொண்டர் கதையைச் சேக்கிழார் பாடும்போது, அந்த வடிவம் தமிழருக்கு நன்கு பழகிப்போயிருந்தது.

புராணம் எல்லாரும் அறிந்ததுதான். செருக்கோடு பேசிய பிரமனின் ஐந்தாம் தலையைக் கிள்ளி எறிகிறார் பைரவர். அந்தக் கபாலம் கையில் ஒட்டிக்கொள்கிறது, காசிக்குப் போன பிறகுதான் விழுகிறது. படைப்பவனின் தலையையே கிள்ளியவர், அதனால் காலத்துக்கும் மேலானவர்.

உலகில் வேறெங்கும் காலத்துக்குத் தனிச் சமயம் தோன்றவில்லையா என்று கேட்கலாம். பாரசீகத்தில் தோன்றியது. சுர்வான் என்ற எல்லையற்ற காலம்தான் ஆதி, நன்மைத் தெய்வமும் தீமைத் தெய்வமும் அதற்குப் பிறந்த இரட்டையர் என்று சாசானியப் பேரரசில் ஒரு கொள்கை நிலவியது. மகன் வேண்டும் என்று சுர்வான் ஆயிரம் ஆண்டு வேள்வி செய்தான், நடுவே இது பலிக்குமா என்று ஒரு கணம் ஐயம் வந்தது. வேள்வியிலிருந்து நல்லவனும் ஐயத்திலிருந்து கெட்டவனும் பிறந்தார்கள். ஐந்தாம் நூற்றாண்டு ஆர்மீனியப் பாதிரியார் எஸ்னிக் இதை மறுத்து எழுதப்போய்த்தான் கதையே நமக்கு விரிவாகக் கிடைக்கிறது. இசுலாம் வந்த பின் அந்த வழிபாடு மங்கிப்போனது. நம்மிடமும் அதர்வ வேதத்தில் காலத்தையே முதற்பொருளாகப் போற்றும் இரண்டு சூக்தங்கள் உண்டு. ஆனால் இங்கே காலன் தனித்து நிற்கவில்லை. சிவன் அவனை விழுங்கிவிட்டார். உஜ்ஜயினியில் மகாகாலர், திருக்கடையூரில் காலனை உதைத்தவர், தகடூரில் கால பைரவர். உஜ்ஜயினி வழியாகச் செல்லும் தீர்க்கரேகையைத்தான் பழைய இந்திய வானியல் கணக்கின் தொடக்கக் கோடாக வைத்திருந்தது. பஞ்சாங்கத்துக்கும் மகாகாலருக்கும் ஒரே ஊர் என்பதைத் தற்செயல் என்று நான் ஒதுக்க மாட்டேன்.

அதியமான்கோட்டைக் கோயிலிலும் பஞ்சாங்கம் தலைக்கு மேலேயே இருக்கிறது. மண்டப விதானத்தில் நவக்கிரகச் சக்கரம். பைரவரின் உடலில் இருபத்தேழு நட்சத்திரங்களும் பன்னிரண்டு ராசிகளும் அடக்கம் என்கிறார்கள். கிரகங்களுக்கு மேலதிகாரி இவர், கீழே இருக்கிறவர்களிடம் எதற்குத் தனித்தனியாக மனுக் கொடுக்க வேண்டும் என்பது பக்தரின் கணக்கு. தாலுகா அலுவலகத்துக்கு நடந்து அலுத்தவர்களுக்கு இந்தக் கணக்கு சட்டென்று விளங்கும்.

ஏன் தேய்பிறை, ஏன் அட்டமி? சூரியனுக்கும் நிலவுக்கும் இடையே பன்னிரண்டு பாகை விலகினால் ஒரு திதி. நிலவு ஒரே வேகத்தில் ஓடாததால் ஒரு திதி சில நாள் பத்தொன்பது மணி நேரத்தில் முடியும், சில நாள் இருபத்தாறு மணி வரை நீளும். அட்டமியும் நவமியும் நல்ல காரியத்துக்கு ஆகாது என்று ஊர் முழுக்க ஒதுக்கிவைத்த திதிகள். அதுவும் தேய்பிறையில், நிலவு பாதியாகக் கரைந்துபோன நாளில் யாரும் பெண் பார்க்கப் போக மாட்டார்கள், கடைக்காலும் தோண்ட மாட்டார்கள். அப்படி எல்லாரும் கைவிட்ட நாளைப் பைரவர் எடுத்துக்கொண்டார். ஒன்றரை மணி நேர ராகு காலமும் அப்படித்தான். மற்றவர்கள் வாசற்படி தாண்டத் தயங்கும் அந்த நேரம் பைரவர் சன்னதிக்குத் தோதானது. இரவும் அவருடையதே. அர்த்தசாமம் முடிந்து நடை சாத்தினால் சாவியைப் பைரவர் முன் வைப்பது சிவன் கோயில் மரபு.

நடுகல்லையும் பைரவரையும் இணைக்கும் இழை இதுதான் என்று எனக்குப் படுகிறது. வயதாகிக் கட்டிலில் செத்தவனுக்கு யாரும் கல் நடவில்லை. நேரம் வருமுன் செத்தவனுக்கே கல். நல்ல நேரத்துக்கு ஆயிரம் தெய்வம் உண்டு, கெட்ட நேரத்துக்குப் பைரவர் ஒருவரே. வானம் பார்த்த பூமி, வறட்சி, கொள்ளை, படைவழி என்று நேரம் தப்பிய நிகழ்ச்சிகளே அதிகம் கண்ட தகடூர் தனக்கேற்ற தெய்வத்தைத் தேர்ந்துகொண்டது.

இங்கே ஒரு சின்ன வம்பு. நாட்காட்டித் தாளில் திங்கட்கிழமை ராகு காலம் 7.30 முதல் 9 வரை என்று அச்சிடுகிறார்கள். காலை ஆறுக்குச் சூரியன் உதிக்கும் என்று வைத்துப் பகலை எட்டாக வகுத்த கணக்கு அது. இந்திய நேரம் 82½ பாகைத் தீர்க்கரேகைக்கு உரியது, தருமபுரி இருப்பதோ 78 பாகைக்குச் சற்றுக் கிழக்கே. நம் ஊர்ச் சூரியன் கடிகாரத்துக்குச் சராசரி பதினேழு நிமிடம் பின்தங்கியே வருகிறது. 1906-இல் இந்திய நேரம் வந்ததிலிருந்து இந்த வேறுபாடு இருக்கிறது. ஆகவே கடிகாரத்தைப் பார்த்து ஒன்பது அடித்ததும் கிளம்புகிறவர் ராகுவிடமிருந்து முழுதாகத் தப்பியதாக நினைத்துக்கொள்ள வேண்டாம்! அட்டமி எப்போது தொடங்குகிறது என்பதிலும் வாக்கியப் பஞ்சாங்கமும் திருக்கணிதப் பஞ்சாங்கமும் ஒத்துப்போவதில்லை. காலத்தின் தெய்வத்துக்கே நாள் குறிப்பதில் இரண்டு கட்சி.

இன்றைய கூட்டத்தைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். எதிரி ஒழிய மிளகாய் எரிப்பது எனக்கு ஒப்பவில்லை. காவல் தெய்வத்தை அடியாளாக்கும் வேலை அது. பூசணி விளக்கில் எனக்குக் குறையில்லை. கடனில் மூழ்கியவன் மாதம் ஒருநாள் தன் கெட்ட நேரத்தை ஓர் ஒளியாக ஏற்றி வைத்துவிட்டுத் திரும்புகிறான் என்றால் அதைக் கேலி செய்ய நான் யார்? கோயிலுக்குப் போகிறவர்கள் அதே ஊரில் ராமாயண, பாரத ஓவியங்களோடு நிற்கும் சென்னராயப் பெருமாள் கோயிலையும் எட்டிப் பார்த்துவிட்டு வரலாம். அட்டமி அன்றுகூட அங்கே நெரிசல் இருக்காது.

கடைசியாக ஒரு வேண்டுகோள். 1965-இல் சேலத்திலிருந்து பிரிந்த பழைய தருமபுரி மாவட்டம் 2004-இல் கிருஷ்ணகிரியையும் பிரித்துக் கொடுத்த பிறகும், இரண்டு பக்கமும் வயல்வரப்பிலும் ஏரிக்கரையிலும் நடுகற்கள் நின்றுகொண்டுதான் இருக்கின்றன. அவற்றின் மேல் பெயின்ட் அடிக்காதீர்கள், சிமென்ட் பூசாதீர்கள், எழுத்து போய்விடும். சாலை அகலப்படுத்தும்போது பொக்லைன் புரட்டிப் போட்ட கல்லில் வில்லோ வாளோ வட்டெழுத்தோ தெரிந்தால் படம் எடுத்து, தருமபுரியில் தொல்லியல் துறை நடத்தும் அகழ்வைப்பகத்துக்கோ உங்கள் கிராம நிர்வாக அலுவலருக்கோ அன்றைக்கே தெரிவியுங்கள். அடுத்த வாரம் நுளம்பர்களின் காமாட்சியம்மன் கோயில் அடித்தளத்தில் ஓடும் ராமாயணச் சிற்பங்களைப் பார்ப்போம்.